உத்தரவு கோயிலுக்கு, காகிதம் என் பேரில்: ஜெயிலுக்குப் போவேனா?

வாசகர் கடிதம், சுருக்கமாக:

"மேடம், வணக்கம். டர்பனுக்கு வடக்கே ஒரு ஊரில் இருக்கிறேன். வயது 68, ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர். எங்கள் கோயில் கமிட்டிக்கு ஆறு வருஷமாக நான் செக்ரட்டரி. தலைவர் என் மனைவியின் அண்ணன். தேர்தல் நடத்தவில்லை, கணக்குக் காட்டவில்லை என்று சில உறுப்பினர்கள் டர்பன் ஹைகோர்ட்டுக்குப் போய் உத்தரவு வாங்கிவிட்டார்கள். உறுப்பினர் பட்டியலையும் மூன்று வருஷ பேங்க் ஸ்டேட்மென்ட்டையும் 10 நாளில் அவர்களுடைய அட்டர்னியிடம் ஒப்படைக்க வேண்டும், 60 நாளில் பொதுக்கூட்டம் கூட்டித் தேர்தல் வைக்க வேண்டும், வழக்குச் செலவையும் கட்ட வேண்டும் என்று உத்தரவு. மச்சான், 'மேல்முறையீடு செய்கிறோம், அதுவரை யாரும் எதையும் கொடுக்கக் கூடாது, ஆட்களின் விவரத்தைக் கொடுத்தால் போப்பியா என்கிற தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டத்தில் நாம்தான் மாட்டுவோம்' என்றார். கமிட்டியில் அப்படியே தீர்மானம் போட்டோம். எனக்கு மனசில்லை, ஆனால் எதிர்த்தும் பேசவில்லை. மினிட்ஸ் எழுதிக் கையெழுத்தும் போட்டேன். மூன்று மாதம் ஓடிவிட்டது. போன வாரம் நான் வீட்டில் இல்லாதபோது நீதிமன்றக் காகிதங்களைக் கொண்டுவந்து கொடுக்கும் ஷெரீஃப் வந்து மகளிடம் ஒரு கட்டுக் காகிதத்தைக் கொடுத்துவிட்டுப் போனார். கோயில், மச்சான், நான், பொருளாளர் என்று நாலு எதிர்மனுதாரர்கள். நீதிமன்ற அவமதிப்புக்காக எங்களை 30 நாள் சிறையில் வைக்க வேண்டுமாம். பட்டியல் புத்தகம் மச்சான் வீட்டில் இருக்கிறது, பேங்க் தாள்கள் பொருளாளரிடம். என் லேப்டாப்பில் பட்டியலின் ஒரு பிரதி மட்டும் உண்டு. மகளிடம் கொடுத்தது செல்லுமா? நான் ராஜினாமா செய்துவிட்டால் போதுமா? சம்பளம் இல்லாமல் கோயிலுக்கு உழைத்தவனை ஜெயிலில் போடுவார்களா?"

ஐயா, வணக்கம்.

கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன், அதுதானே உங்களைத் தூங்க விடாமல் செய்கிறது. இந்த வாரமே சில காரியங்களைச் செய்துவிட்டால் நீங்கள் ஜெயிலுக்குப் போகும் வாய்ப்பு மிகவும் குறைவு. ஒன்றும் செய்யாமல், மச்சான் என்ன சொல்கிறார் என்று பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு நீதிபதி முன்னால் போய் நின்றால், அப்படி ஒரு வார்த்தையை நான் உங்களுக்குத் தர மாட்டேன்.

உங்கள் முழுக் கடிதத்தில் பாதிக்கு மேல் வழக்குப் போட்டவர்களைப் பற்றித்தான் இருந்தது. யார் சந்தா பாக்கி, யார் காவடிக்கு எட்டிக்கூடப் பார்த்ததில்லை, யாருக்குக் கல்யாணத்துக்கு ஹால் கிடைக்காத கோபம் என்றெல்லாம். சுருக்கும்போது அதை எடுத்துவிட்டேன், வருத்தப்படாதீர்கள், நீதிபதியும் அதையேதான் செய்வார். இந்த உத்தரவு தேவையா, நியாயமா என்று வாதாடும் கட்டம் மூன்று மாதத்துக்கு முன்பே முடிந்துவிட்டது. நம் தென்னாப்பிரிக்க அரசியல் சட்டத்தின் 165-ஆம் பிரிவின் 5-ஆம் உட்பிரிவு, நீதிமன்ற உத்தரவு யாருக்குப் பொருந்துகிறதோ அவர்கள் எல்லாரையும் கட்டுப்படுத்தும் என்கிறது. தவறான உத்தரவாக இருந்தாலும் அதை ஒரு நீதிமன்றம் ரத்து செய்கிறவரை அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும். 2022-இல் ஈஸ்டர்ன் கேப்பில் இருக்கிற ஓ.ஆர். டாம்போ மாவட்ட நகராட்சி, தனக்கு எதிரான பழைய உத்தரவு ஒன்று சட்டப்படியே செல்லாதது, அதனால் நிறைவேற்றத் தேவையில்லை என்று வாதாடிப் பார்த்தது. அரசியல் சட்ட நீதிமன்றம் ஒத்துக்கொள்ளவில்லை. ஒரு நகராட்சிக்கே அந்த உரிமை இல்லை என்றால் கோயில் கமிட்டிக்கு எங்கிருந்து வரும்?

அப்படியென்றால் இந்த மனுவில் நீதிபதி எதைத்தான் பார்ப்பார்? இதற்கு அடிப்படைத் தீர்ப்பு 2006-இல் ப்ளூம்ஃபொன்டெய்னில் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் கொடுத்த ஃபாக்கி வழக்குத் தீர்ப்பு. அதுவும் ஆவணம் ஒப்படைக்கிற சண்டைதான். ஆயுத பேரம் சம்பந்தமான காகிதங்களைக் கொடுக்கும்படி நாட்டின் தலைமைத் தணிக்கையாளருக்கு உத்தரவு இருந்தது, சரியாகக் கொடுக்கவில்லை என்று ஒரு கம்பெனி அவமதிப்பு மனு போட்டது. அந்தத் தீர்ப்பின்படி மனு போட்டவர் காட்ட வேண்டியவை: உத்தரவு இருக்கிறது, எதிராளிக்கு அது தெரியும், அவர் நிறைவேற்றவில்லை, நிறைவேற்றாதது வேண்டுமென்றே, அதுவும் கெட்ட எண்ணத்தோடு. ஜெயில் கேட்டால் இத்தனையும் கிரிமினல் வழக்கில் போலவே நியாயமான சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபணமாக வேண்டும். ஆனால் முதல் மூன்றும் நிரூபணமாகிவிட்டால், நாலாவதில் சந்தேகத்தை எழுப்புகிற சாட்சியத்தைக் கொடுக்க வேண்டியது நீங்கள். வாயை மூடிக்கொண்டு இருந்தால் வேண்டுமென்றேதான் செய்தீர்கள் என்று எடுத்துக்கொள்வார்கள். தணிக்கையாளர் மேல்முறையீட்டில் தப்பித்தார், ஏனென்றால் அவருடைய விளக்கம் போதுமான சந்தேகத்தை எழுப்பியது.

உங்கள் விஷயத்தில் முதல் மூன்றைப் பற்றிப் பேசவே வேண்டாம். உத்தரவு இருக்கிறது. கமிட்டியில் வாசித்தீர்கள், அதனால் தெரியும். நிறைவேற்றவில்லை. மிச்சம் இருப்பது உங்கள் மனசு மட்டும்தான், அதற்கு எதிராக இன்றைக்கு இருக்கிற ஒரே பெரிய சாட்சியம் நீங்களே எழுதிக் கையெழுத்துப் போட்ட மினிட்ஸ். அந்தப் பக்கத்தைக் கிழிக்கவோ, திருத்தவோ, "செக்ரட்டரி ஆட்சேபித்தார்" என்று ஒரு வரி சேர்க்கவோ யாராவது யோசனை சொன்னால் அந்த ஆளிடம் இனிமேல் யோசனையே கேட்காதீர்கள். வாட்ஸ்அப் குரூப்பில் இருக்கிறதையும் அழிக்காதீர்கள். அது எப்படியும் வேறு யாருடைய போனிலாவது இருக்கும்.

உத்தரவை மீறினார் என்பது மட்டுமே போதாது என்று அதே ஃபாக்கி தீர்ப்பு சொல்கிறது. தனக்கு அப்படி இருக்க உரிமை உண்டு என்று ஒருவர் தவறாகவே நம்பியிருக்கலாம், உண்மையாகவே அப்படி நம்பினார் என்றால் அது அவமதிப்பு ஆகாது. அந்த நம்பிக்கை எவ்வளவுக்கு எவ்வளவு அசட்டுத்தனமானதோ அவ்வளவுக்கு அவ்வளவு நீதிபதி அதை நம்ப யோசிப்பார், அவ்வளவுதான். ஆக, மேல்முறையீடு இருக்கிறது, அதனால் உத்தரவு நின்றுபோயிருக்கிறது என்று நீங்கள் உண்மையிலேயே நம்பினீர்களா? நம்பினீர்கள் என்றால் அதைச் சத்தியம் செய்து சொல்லலாம். ஆனால் "எனக்கு மனசில்லை" என்று எனக்கு எழுதியிருக்கிறீர்கள். எதற்கு மனசில்லை, என்ன உறுத்தியது என்பதை உங்கள் அட்டர்னியிடம் மறைக்காமல் சொல்லுங்கள், அவர் அதற்குத் தகுந்தபடிதான் எழுத முடியும்.

மேல்முறையீட்டு விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும், நம் ஊரில் பாதி அவமதிப்பு வழக்கு இதில்தான் பிறக்கிறது. ஹைகோர்ட் உத்தரவுக்கு எதிராக நேரே மேல்முறையீடு செய்ய முடியாது, முதலில் அனுமதி கேட்டு மனு போட வேண்டும். அந்த மனுவுக்கு வழக்கமாக 15 நீதிமன்ற நாட்கள், அதாவது சனி, ஞாயிறு, அரசு விடுமுறை எல்லாம் கழித்து. 2013-ஆம் வருஷத்து சுப்பீரியர் கோர்ட்ஸ் சட்டத்தின் 18-ஆம் பிரிவுப்படி அந்த மனு நீதிமன்ற ரெஜிஸ்ட்ராரிடம் தாக்கலான பிறகுதான் இறுதி உத்தரவு நிறுத்தி வைக்கப்படுகிறது. அப்போதும்கூட, விதிவிலக்கான சூழ்நிலை என்று காட்டி எதிர்த்தரப்பு அதை உடனே அமல்படுத்தக் கேட்கலாம். இடைக்கால உத்தரவு என்றால் மேல்முறையீட்டு மனு போட்டால்கூடத் தானாக நிற்காது. "செய்யப் போகிறோம்", "அட்வகேட் பார்த்துக்கொண்டிருக்கிறார்", "பணம் திரட்டுகிறோம்" இதற்கெல்லாம் சட்டத்தில் ஒரு மதிப்பும் கிடையாது. எனவே மச்சானிடம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: ரெஜிஸ்ட்ரார் முத்திரை போட்ட மனுவின் பிரதி எங்கே? இன்றைக்கே எழுத்தில் கேளுங்கள். இழுத்தடித்தால் கேஸ் நம்பரோடு ரெஜிஸ்ட்ரார் அலுவலகத்துக்குப் போய்க் கோப்பைப் பாருங்கள், நீங்களும் ஒரு தரப்புதான்.

முத்திரை போட்ட மனு இருந்து, அது காலத்துக்குள் தாக்கலாகியிருந்தால், இந்த அவமதிப்பு மனுவே ஆட்டம் காணும். ஆனால் உங்கள் கடிதத்தைப் படித்தால் எனக்கு அப்படித் தோன்றவில்லை. இருந்திருந்தால் எதிர்த்தரப்பு அட்டர்னி இந்த மனுவையே போட்டிருக்க மாட்டார். இப்போது அவசர அவசரமாக, தாமதத்துக்கு மன்னிப்புக் கேட்டு ஒரு மேல்முறையீட்டு மனுவைப் போடலாம் என்று யாராவது சொல்வார்கள். போடட்டும். அது உத்தரவைத் தானாக நிறுத்திவிடும் என்று நீங்கள் நம்பி உட்கார வேண்டாம், ஓடிப்போன மூன்று மாதத்தை அது எந்த விதத்திலும் கழுவாது. உத்தரவையே ரத்து செய்யச் சொல்லும் மனுவும் அப்படித்தான். நிறுத்தி வைக்க வேண்டும் என்றால் நீதிமன்ற விதி 45ஏ-இன் கீழ் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும்.

அப்புறம் போப்பியா. தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டத்தை இந்த நாட்டில் யார் யாரோ எதற்கெல்லாமோ கேடயமாகப் பிடிக்கிறார்கள், மருத்துவமனை வரவேற்பறையிலிருந்து கோயில் கமிட்டி வரைக்கும். அந்தச் சட்டத்தின் 11-ஆம் பிரிவே, சட்டம் சுமத்துகிற ஒரு கடமையை நிறைவேற்றத் தகவலைக் கையாளலாம் என்று சொல்கிறது. நீதிமன்றம் "கொடு" என்று சொன்ன பிறகு கொடுப்பதற்கு யாரும் உங்கள் மேல் வழக்குப் போட முடியாது. உண்மையிலேயே கவலை இருந்தால் அதை உத்தரவு போடுமுன் நீதிபதியிடம் சொல்லியிருக்க வேண்டும். ஒரே ஒரு ஜாக்கிரதை: உத்தரவின் வாசகத்தை வரி வரியாகப் படித்து அதில் கேட்டதை மட்டும் கொடுங்கள். பெயரும் முகவரியும் என்று இருந்தால் அதுதான். உங்கள் எக்செல் கோப்பில் ஐடி நம்பரும் பேங்க் விவரமும் கிடந்தால் அதையும் சேர்த்துத் தள்ளிவிடாதீர்கள். எது அடங்கும், எது அடங்காது என்று புரியாத இடத்தில் எதிர்த்தரப்பு அட்டர்னிக்கு ஒரு மெயில் போட்டுக் கேட்டுவிட்டால் அந்த மெயிலே உங்களுக்குச் சாதகமான ஒரு காகிதம்.

"புத்தகம் என்னிடம் இல்லை, ஸ்டேட்மென்ட் என்னிடம் இல்லை" என்கிறீர்கள். முடியாததைச் செய்யாததற்கு யாரையும் அவமதிப்பில் தண்டிக்க முடியாது, உண்மை. ஆனால் எது முடியாது என்பதை நேர்மையாகப் பார்ப்போம். பட்டியலின் பிரதி உங்கள் லேப்டாப்பில் இருக்கிறது, ஆக அது முடியும். கோயில் கணக்கில் கையெழுத்துப் போடுகிறவர்களில் நீங்களும் ஒருவரா? கடிதத்தில் சொல்லவில்லை, ஆனால் செக்ரட்டரி என்றால் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும். அப்படியென்றால் ஐடியை எடுத்துக்கொண்டு பேங்கில் போய் மூன்று வருஷ ஸ்டேட்மென்ட் கேட்பதும் உங்களால் முடிகிற காரியம்தான், பொருளாளர் பீரோவைத் திறக்கட்டும் என்று காத்திருக்க வேண்டியதில்லை. பேங்க் மறுத்தால் மறுத்ததை எழுத்தில் வாங்குங்கள். பொதுக்கூட்டத்தையும் பாருங்கள். உங்கள் கோயில் விதிமுறைப் புத்தகத்தை எடுத்து, பொதுக்கூட்ட நோட்டீஸ் யார் அனுப்ப வேண்டும் என்று படியுங்கள். நான் பார்த்த கோயில் விதிமுறைகளில் பெரும்பாலும் அது செக்ரட்டரி வேலை. அப்படி இருந்தால் ஐயா, அந்த 60 நாள் உத்தரவை நிறைவேற்றும் கை உங்களுடைய கைதான், தலைவருடையது அல்ல. எதிர்த்தரப்பு அட்வகேட் நீதிமன்றத்தில் இதைத்தான் முதலில் எடுப்பார், "மூன்றாவது எதிர்மனுதாரர் ஒரு நோட்டீஸ் அடித்து ஒட்டியிருந்தால் போதும்" என்று.

உண்மையிலேயே உங்கள் கைக்கு எட்டாதது மச்சான் வீட்டில் இருக்கிற அசல் புத்தகம் மட்டும்தான். அதற்கு மச்சானுக்கு எழுத்தில் ஒரு கடிதம்: இந்தத் தேதி உத்தரவுப்படி புத்தகத்தை இன்ன நாளுக்குள் அவர்களுடைய அட்டர்னியிடம் ஒப்படையுங்கள், அல்லது நான் ஒப்படைக்க என்னிடம் கொடுங்கள். பொருளாளருக்கும் அதே மாதிரி ஒன்று. சாப்பிடும்போது சொன்னேன், போனில் சொன்னேன் என்பதெல்லாம் நீதிமன்றத்தில் நிற்காது. மச்சானுக்குக் கடிதம் எழுதுவது எவ்வளவு சங்கடம் என்று எனக்குத் தெரியாமல் இல்லை, உங்கள் மனைவி நடுவில் இருக்கிறார். இருந்தாலும் எழுதுங்கள், மரியாதையாக, இரண்டு பத்தியில், கோபம் இல்லாமல்.

மகளிடம் கொடுத்தது செல்லுமா என்றால், செல்லும். பதினாறு வயதுக்கு மேல் இருப்பதாகத் தெரிகிற ஒருவரிடம் வீட்டில் ஒரு பிரதியைக் கொடுத்துவிட்டுப் போக ஷெரீஃபுக்கு விதி இடம் கொடுக்கிறது. அவமதிப்பு என்றால் நேரடியாக உங்கள் கையிலேயே கொடுத்திருக்க வேண்டும் என்று வாதாட வழி இருக்கலாம், ஆனால் காகிதம் கையில் வந்து, படித்து, எனக்குக் கடிதமும் எழுதிவிட்டீர்கள். இதில் ஒளிந்து விளையாடினால் கெட்ட எண்ணத்துக்கு இன்னொரு சாட்சியம்தான் சேரும்.

ராஜினாமா? இப்போது வேண்டாம். நேற்றுவரை உங்கள் கையில் இருந்த கடமையை ராஜினாமா பின்தேதியிட்டு அழிக்காது. போதாததற்கு, நோட்டீஸ் அனுப்பும் அதிகாரத்தையும் பேங்கில் கேட்கும் உரிமையையும் நீங்களே தூக்கி எறிந்த மாதிரி ஆகும். நீதிபதி, "உத்தரவை நிறைவேற்றும் இடத்தில் இருந்தார், நிறைவேற்றாமல் நழுவிவிட்டார்" என்றுதான் படிப்பார். எல்லாம் முடிந்த பிறகு தாராளமாக விலகுங்கள், உங்கள் வயதுக்கு இந்தத் தலைவலி தேவையில்லை.

பெயர் போட்டு இழுத்திருக்கிறார்களே என்று கோபப்பட்டு எழுதியிருந்தீர்கள். அவர்கள் போட்டே ஆக வேண்டும். 2017-இல் மட்ஜாபெங் நகராட்சிக்கும் மின்சார நிறுவனமான எஸ்காமுக்கும் நடந்த வழக்கில், நகராட்சி மேலாளரைத் தனிப்பட்ட முறையில் வழக்கில் சேர்க்காமல் அவமதிப்புக் குற்றவாளி ஆக்கியது செல்லாது என்று அரசியல் சட்ட நீதிமன்றம் சொல்லிவிட்டது. சிறை ஒரு அமைப்புக்குக் கிடையாது, ஆளுக்குத்தான். அதனால் அந்த ஆளுக்குத் தன் தரப்பைச் சொல்ல வாய்ப்பு வேண்டும். இதில் உங்களுக்கு ஒரு நன்மையும் உண்டு: நாலு பேரையும் ஒரே மூட்டையாகக் கட்டித் தீர்ப்பு எழுத முடியாது, ஒவ்வொருவரும் என்ன செய்தார், என்ன நினைத்தார் என்று தனித்தனியாகப் பார்க்க வேண்டும். அந்த நன்மை கிடைக்க வேண்டும் என்றால் நீங்கள் மச்சானிடமிருந்து தனியாகத் தெரிய வேண்டும்.

ஆகவே, தனி அட்டர்னி. கமிட்டியின் அட்டர்னியே உங்களுக்கும் சேர்த்துப் பதில் போடுவார் என்று மச்சான் சொல்லியிருப்பார், செலவு மிச்சம் என்று. உங்களுக்குச் சாதகமான உண்மை "தலைவர் சொன்னதால் கொடுக்கவில்லை, தலைவர் வீட்டில்தான் புத்தகம் இருக்கிறது" என்பது. அதைத் தலைவரின் அட்டர்னி எப்படி எழுதுவார்? கமிட்டியின் அட்டர்னியே "கொடுக்க வேண்டாம்" என்று ஆலோசனை சொன்னாரா, அல்லது அப்படிச் சொன்னதாக மச்சான் சொன்னாரா என்பதையும் யோசியுங்கள். வக்கீல் சொன்ன தப்பான ஆலோசனையை நம்பி நடந்தேன் என்பது கெட்ட எண்ணம் இல்லை என்று காட்ட உதவலாம், ஆனால் அந்த ஆலோசனையை நீதிமன்றத்தில் திறந்து காட்ட வேண்டிவரும், அதையும் அவரை வைத்தே செய்ய முடியாது. 2015-இல் எக்குர்ஹுலேனி நகராட்சி அவமதிப்பிலிருந்து தப்பியது, காரணம் அதன் அட்டர்னி நீதிமன்றம் கேட்டதை நகராட்சிக்குத் தெரிவிக்கவே இல்லை. செலவை நீங்கள் ஏன் ஏற்கக் கூடாது என்று நீதிமன்றம் அந்த அட்டர்னியையே கேட்டது. அந்தச் சாக்கு உங்களுக்குப் பொருந்தாது, உங்களுக்கு எல்லாம் தெரிந்தே இருந்தது. பணம் பிரச்சினை என்றால் லீகல் எய்டில் கேட்டுப் பாருங்கள், பென்ஷனும் சொந்த வீடும் இருப்பதால் தகுதி இடிக்கலாம். குவாசூலு-நட்டால் பல்கலைக்கழகத்துக்கு ஒரு சட்ட உதவி மையம் உண்டு, அங்கேயும் விசாரிக்கலாம்.

காகிதத்தில், எதிர்ப்பதாக எத்தனை நாளில் அறிவிக்க வேண்டும் என்று எழுதியிருக்கும். அந்த நாளைத் தவற விடாதீர்கள். அறிவித்ததிலிருந்து வழக்கமாக 15 நீதிமன்ற நாட்களுக்குள் உங்கள் பதில் அஃபிடவிட், ஆனால் அவசர மனு என்றால் அவர்கள் குறித்த நாட்கள்தான் கணக்கு. அந்த அஃபிடவிட்டில் என்ன இருக்கிறது என்பதுதான் எல்லாமே: எப்போது தெரிந்தது, எதை நம்பினீர்கள், ஏன் பேசாமல் இருந்தீர்கள், இப்போது என்ன செய்துவிட்டீர்கள், இன்ன தேதியில் பட்டியலை அனுப்பினேன் இதோ மெயில், இன்ன தேதியில் பேங்குக்குப் போனேன் இதோ ரசீது, பொதுக்கூட்டத்துக்கு இன்ன நாள் குறித்து நோட்டீஸ் அனுப்பினேன் இதோ பிரதி. தாமதத்துக்கு நீதிமன்றத்திடம் நேராக மன்னிப்பு. மழுப்பாமல். "யாருடைய மனமாவது புண்பட்டிருந்தால்" மாதிரி மன்னிப்பு வேண்டாம்.

இப்படி ஒருவர் வந்து நின்றால் நீதிபதிகள் வழக்கமாக என்ன செய்கிறார்கள்? அவமதிப்பு மனுவின் முதல் நோக்கம் உத்தரவை நிறைவேற வைப்பது. அதனால் பெரும்பாலும் புதுக் கெடு, அல்லது சிறைத் தண்டனை விதித்தாலும் "இந்தத் தேதிக்குள் செய்தால் உள்ளே போக வேண்டாம்" என்று நிறுத்தி வைத்த தண்டனை. கெட்ட எண்ணம் சந்தேகமில்லாமல் நிரூபணமாகாவிட்டால்கூட, சிறை இல்லாத மற்ற பரிகாரங்களை, உதாரணமாக உத்தரவை மீறியதாக ஓர் அறிவிப்பையோ புதுக் கெடுவையோ, சாதாரண சிவில் வழக்கு அளவு நிரூபணத்திலேயே கொடுக்க முடியும். அதோடு செலவு. அதுவும் அதிக அளவுகோலில், கோயில் கணக்கிலிருந்து அல்ல, உங்கள் சொந்தக் கணக்கிலிருந்து கட்டும்படி கேட்பார்கள். உண்மையைச் சொன்னால், நான் உங்களுக்காகப் பயப்படுவது ஜெயிலைவிட இந்தப் பில்லுக்குத்தான்.

பழைய உத்தரவில் இருக்கிற வழக்குச் செலவு வேறு கணக்கு. அது வெறும் பணக் கடன், அதைக் கட்டாததற்கு அவமதிப்பு கிடையாது, ஷெரீஃப் சொத்தை ஜப்தி செய்யலாம், அவ்வளவுதான். கடன் கட்டாதவர்களைச் சிறைக்கு அனுப்பும் பழைய முறையை அரசியல் சட்ட நீதிமன்றம் 1995-லேயே நிறுத்திவிட்டது. பிள்ளைகளுக்கான ஜீவனாம்சம் மட்டும் விதிவிலக்கு, அது உங்கள் கதை அல்ல.

நேராக உள்ளே போனவர் இல்லையா என்று கேட்பீர்கள், எல்லாருக்கும் தெரிந்த உதாரணம் இருக்கிறதே. முன்னாள் ஜனாதிபதி ஜேக்கப் ஜூமா. விசாரணைக் கமிஷன் முன் ஆஜராக வேண்டும் என்று 2021 ஜனவரி 28 அன்று உத்தரவு, போகவில்லை. அவமதிப்பு மனு வந்தது, எதிர்க்கவும் இல்லை, ஒரு அஃபிடவிட்கூட இல்லை. என்ன தண்டனை பொருத்தம் என்று நீதிமன்றமே அழைத்துக் கேட்டபோது அஃபிடவிட்டுக்குப் பதில் தலைமை நீதிபதிக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதினார், வெளியே நீதிபதிகளைத் திட்டினார். ஜூன் 29 அன்று நிறுத்தி வைக்காத 15 மாதம். ஜூலை 7 இரவு சரணடைந்தார், எஸ்ட்கோர்ட் சிறை. அதற்குப் பிறகு வெடித்த கலவரத்தில் ஃபீனிக்ஸிலும் வெருலத்திலும் நாம் எப்படி நாட்களைக் கழித்தோம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அந்த வழக்கில்கூட இரண்டு நீதிபதிகள், சிவில் மனுவில் வெறும் தண்டனைக்காக ஒருவரை இப்படி நேராக உள்ளே அனுப்பக் கூடாது என்று மாறுபட்டு எழுதினார்கள். அவ்வளவு தூரம் போகிறவர்களுக்குத்தான் அது வருகிறது. ஆனால் மச்சான் குரூப்பில் போட்ட வாய்ஸ் நோட் ஒன்றை எழுதியிருந்தீர்களே, "அந்த ஜட்ஜுக்கு நம்ம கோயிலைப் பற்றி என்ன தெரியும், அவர் சொன்னால் நான் ஆடணுமா" என்று? அது மனுவில் இணைப்பாக இருக்கிறதா என்று ஒரு முறை புரட்டிப் பாருங்கள். இருந்தால் மச்சானின் நிலைமை வேறு, உங்களுடையது வேறு. நீங்கள் அதற்குக் கை கூப்பும் ஸ்மைலி போட்டிருந்தால் அதையும் அட்டர்னியிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

இன்னொன்று, எதிர்த்தரப்புக்கு வேண்டியது பட்டியலும் கணக்கும் தேர்தலும்தான், உங்கள் 30 நாள் அல்ல. உங்களுக்கென்று ஓர் அட்டர்னி வந்ததும் அவர் வழியாக ஒரு சமரசக் கடிதம் போகட்டும்: இவை இவை ஒப்படைக்கப்பட்டன, தேர்தலுக்கு இந்த நாள், கூட்டத்துக்குத் தலைமை தாங்க இரு தரப்புக்கும் பொதுவான ஒரு வெளியாள், பதிலுக்கு மூன்றாவது எதிர்மனுதாரர் மேல் மனுவை வாபஸ் வாங்குங்கள். ஒத்துக்கொள்வார்கள் என்று உறுதி சொல்ல மாட்டேன், ஆனால் இப்படி ஒரு கடிதத்தை மறுத்துவிட்டு அப்புறம் நீதிபதியிடம் உங்களுக்கு ஜெயில் கேட்க அவர்களுக்குச் சங்கடமாக இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை கமிட்டிக் கூட்டம், போகலாமா என்று கேட்டிருந்தீர்கள். போங்கள். உத்தரவை நிறைவேற்ற வேண்டும் என்று நீங்களே ஒரு தீர்மானம் கொண்டுவாருங்கள், தோற்றாலும் பரவாயில்லை, யார் எப்படி ஓட்டுப் போட்டார்கள் என்று பெயரோடு மினிட்ஸில் எழுதுங்கள், இந்த முறை உங்கள் ஓட்டையும் சேர்த்து. ஆனால் லேப்டாப்பில் இருக்கிற பட்டியலை அதற்கு முன்பே, வெள்ளிக்கிழமைக்குள், உத்தரவில் கேட்ட விவரத்தை மட்டும் பிரித்து அந்த அட்டர்னிக்கு அனுப்பிவிடுங்கள். மச்சான் முகத்தைப் பார்த்த பிறகு உங்களுக்கு அனுப்ப மனசு வராது.